ஐம்பத்தேழு ஃபிரேம்

மஞ்சூரில் மூடுபனிக்குக் கண்டினியூட்டி கிடையாது.
நாயகி திரும்பத் தொடங்கும்போது மலை இருக்கும்;
திரும்பி முடிக்கும்போது இருக்காது.
ஒரே அழுகையைப் பாதி வெயிலில், பாதி வெள்ளையில்
எடுத்து அனுப்பினார்கள்.
வடபழனியில், ஜன்னல் இல்லாத அறையில்
உட்கார்ந்து அதை நான் தைத்தேன்.

வேலை அதுதான்.
கண் இமைக்கப்போகும் கணத்துக்கு ஒரு மூச்சு முன்னால் வெட்டு.
இந்த ஊரில் மூடும் கதவின் சத்தத்தை
அடுத்த ஊர்வரை இழுத்துக்கொண்டு போ.
இயக்குநர் காதலிக்கும் ஷாட்டை
அவர் டீ குடிக்கப் போன நேரம் பார்த்து எடுத்துவிடு;
திரும்பி வந்து, "இப்பதான் சரியா இருக்கு" என்பார்.

பத்தொன்பது வயதில் ஃபிலிம் துண்டுகளுக்கு
நம்பர் எழுதச் சேர்ந்தேன்.
வெள்ளைக் கையுறை, மஞ்சள் பென்சில்,
மாலைபோலக் கழுத்தில் நேற்றைய காட்சிகள்.
பிறகு எல்லாம் ஒரு பெட்டிக்குள் போனது; கை சும்மாயிற்று.
முப்பத்தொரு படம்.
டைட்டிலில் என் பெயர் வரும்போது
ஜனம் இருட்டில் சீட் நம்பர் தேடிக்கொண்டிருக்கும்.

பன்னிரண்டு வருஷம் கழித்து, வேறொரு படத்தில்
இரண்டு ஷாட் விடுபட்டுப் போய்,
"நீங்களே கூட நின்னு வாங்கிக்குங்க" என்று அனுப்பினார்கள்.
அதே மஞ்சூர். அதே வெள்ளை.
மேகம் விலகக் காத்திருந்த டீக்கடையில்
பெஞ்சின் மறுமுனையில் வந்து உட்கார்ந்தவள்
பெயர் புஷ்பராணி, தோட்டத்து வேலை.
இடது கால் ரப்பர் பூட்ஸ் வேறு ஜோடியைச் சேர்ந்தது.
பெயருக்கு முன்னால் எனக்குத் தெரிந்தது அதுதான்.

"முன்ன ஒரு படம் இங்க புடிச்சாங்க மேடம்.
அதுல நான் நடந்து வந்தேன்.
ஒரு நாள் பேரை விட்டுட்டு நாலு பேரா
பஸ் ஏறி ஊட்டிக்குப் போயி பாத்தோம்."

வந்தீங்களா?

"நான் வரல. என் கூடை நிழல் வந்துச்சு."

நிழலா?

"ரோட்டுல, அந்தப் பொண்ணு செருப்புகிட்ட.
இம்புட்டுதான்." விரல் நுனியில் அளந்து காட்டினாள்.
"கூட வந்தவளுக யாரும் நம்பல."
சிரித்தாள். வர்க்கியை டீயில் முக்கினாள்.
நான் என்ன வேலை செய்கிறேன் என்று கேட்கவில்லை.
நானும் சொல்லவில்லை.

சென்னை திரும்பிய இரவே பழைய டிஸ்க்கைத் திறந்தேன்.
இருந்தது.
கடைசி நான்கு ஃபிரேமில், செருப்பு நுனியை ஒட்டி,
கூடையின் விளிம்பு.
அவள் நுழையும் முன்பே வெட்டிவிட்டதாக
இத்தனை வருஷம் நினைத்திருந்தேன்.
வெயில் அவளைக் கொஞ்சம் முந்தி அனுப்பியிருந்தது.

வெட்டின மிச்சம் ஐம்பத்தேழு ஃபிரேம்;
இரண்டு செகண்ட், மேலே ஒன்பது.
வருகிறாள். நிமிர்கிறாள்.
கண் நேராக லென்ஸுக்குள்.
ஓரத்தில் என் குறிப்பு:
கேமரா பார்க்கிறாள், தூக்கு.

அங்கே எப்படியும் பாட்டு வரப்போகிறது என்று
அன்றைக்கு ஒலியை அணைத்துவிட்டுத்தான் வெட்டினேன்.
இப்போது திறந்தேன்.
காற்று.
யாரோ இருமுகிறார்.
பிறகு கேமராவுக்குப் பின்னால், வளைவில்,
பஸ் ஹாரன்.

பஸ்ஸைப் பார்த்திருக்கிறாள்.
நிற்குமா, தன்னை விட்டுவிட்டுப் போய்விடுமா என்று
கூடையோடு கால் தயங்கும் முகம்.

அந்த முகத்தைத்தான்
படம் முழுக்க நாயகியிடம் தேடினேன்,
பதினாறு டேக்கில்.
கிடைக்காத இடத்திலெல்லாம்
மூடுபனி ஷாட் வைத்து மறைத்தேன்.